முகமும் குரலும்: ஹில்டகார்ட் க்னெஃபின் திரைவாழ்வு

ஹில்டகார்ட் க்னெஃப் 1925 டிசம்பர் 28 அன்று தென் ஜெர்மனியின் உல்ம் நகரில் பிறந்தார். 2002 பிப்ரவரி 1 அன்று பெர்லினில் மறைந்தார். ஏறத்தாழ ஐம்பது படங்களில் நடித்தவர், பாடகி, தம் பாடல்களைத் தாமே எழுதியவர், நூலாசிரியர். ஆனால் திரைப்பட வரலாற்று நூல்கள் அவருக்கு ஒதுக்கும் பக்கங்களில் பெரும்பகுதி 1946 முதல் 1952 வரையிலான ஆறே ஆண்டுகளைப் பற்றியது. போருக்குப் பின் ஜெர்மனியில் எடுக்கப்பட்ட முதல் கதைப்படத்தின் நாயகியாக அவர் அறிமுகமானார். ஐந்தாண்டுகளுக்குள் அதே நாட்டின் பாதிரியார்கள் பிரசங்க மேடையில் நின்று கண்டிக்கும் பெண்ணானார். இடையில் ஒருமுறை ஹாலிவுட்டுக்குப் போய் வேலையில்லாமல் காத்திருந்தார். பிறகு மறுபடியும் போய் நட்சத்திரங்களுக்குப் பக்கத்தில் நின்றார். இந்த ஏற்ற இறக்கங்கள் எல்லாவற்றிலும் பேசப்பட்டது அவருடைய முகம்: அகன்ற வாய், உயர்ந்த கன்ன எலும்பு, கனத்த இமைகள். அவருடைய உண்மையான கருவி கரகரப்பான, தாழ்ந்த அந்தக் குரல்தான் என்பது திரையுலகுக்கு விளங்கவேயில்லை. அதை அவர் திரைக்கு வெளியே, வயது நாற்பதை நெருங்கும்போதுதான் தம் பிழைப்பாக்கிக்கொண்டார்.

தந்தை அவர் கைக்குழந்தையாக இருந்தபோதே இறந்துவிட, தாய் பெர்லினுக்குக் குடிபெயர்ந்தார். க்னெஃப் பேச்சிலும் நகைச்சுவையிலும் கடைசிவரை பெர்லின்காரராகவே இருந்தார். பள்ளியை விட்டதும் ஊஃபா நிறுவனத்தின் அசைவூட்டப் பிரிவில் படம் வரையும் பயிற்சியாளராகச் சேர்ந்தார். அன்று ஊஃபா என்பது தனியார் நிறுவனத்தின் பெயரைத் தாங்கிய அரசுத் துறை. 1942 வாக்கில் ஜெர்மனியின் படத்தயாரிப்பு முழுவதும் அதன் குடைக்குள் வந்திருந்தது. கோயபல்ஸின் பிரசார அமைச்சகம் கதை முதல் நடிகர் தேர்வுவரை கண்காணித்தது. வரைபலகையின் முன் உட்கார்ந்திருந்த பெண்ணை நடிப்புப் பயிற்சிக்கு இழுத்தவர்களில் முக்கியமானவர் எல்ஸ பொங்கர்ஸ். ஊஃபாவின் இளம் நடிகர் பயிற்சிக்குப் பொறுப்பாக இருந்த அவர், பின்னாளிலும் க்னெஃபுக்கு வழிகாட்டியாக இருந்தார். பாபெல்ஸ்பெர்க் படநகரில் முறையான பயிற்சி கிடைத்தது.

போர் முடிவதற்குள் அவர் சிறு வேடங்கள் சிலவற்றில் நடித்தார். அவை அன்றைய பார்வையாளர் கண்ணில் படவில்லை. ஹெல்மூட் காய்ட்னர் 1944இல் ஹாவல் ஆற்றங்கரையில் படமாக்கிய 'பாலங்களின் கீழே' இன்று ஜெர்மானிய சினிமாவின் அருமையான படங்களுள் ஒன்றாக மதிக்கப்படுகிறது. குண்டுகள் விழுந்துகொண்டிருந்த ஆண்டில், போர் என்ற ஒன்றே இல்லாததுபோல இரண்டு படகோட்டிகளின் காதலைச் சொன்ன படம் அது. அதில் க்னெஃபுக்குக் கிடைத்தது ஓரிரு காட்சிகள் மட்டுமே. படம் திரைக்கு வருமுன் ஆட்சியே கவிழ்ந்துவிட்டது. ஜெர்மானியர்கள் அதைத் திரையரங்கில் பார்க்க 1950 ஆனது.

இந்தக் காலத்தின் மற்றொரு பக்கத்தைச் சொல்லாமல் அவர் வாழ்வைச் சொல்ல முடியாது. தோபிஸ் படநிறுவனத்தின் தயாரிப்புத் தலைவராக இருந்த எவால்ட் ஃபொன் டெமண்டோவ்ஸ்கியுடன் அவருக்கு உறவு இருந்தது. டெமண்டோவ்ஸ்கி அதற்கு முன் பிரசார அமைச்சகத்தில் திரைக்கதைகளைத் தணிக்கை செய்யும் உயர்பதவி வகித்தவர், நாஜிக் கட்சிக்காரர். 1945 ஏப்ரலில் பெர்லின் முற்றுகையிடப்பட்டபோது, பத்தொன்பது வயது க்னெஃப் ஆணுடை தரித்து, அவருடன் ஷ்மார்கென்டோர்ஃப் சரக்கு ரயில் முற்றத்தின் பாதுகாப்புப் பணியில் இருந்தார். பிடிபட்டார், சிறிது காலம் முகாமில் இருந்தார், வெளியே வந்தார். டெமண்டோவ்ஸ்கியை 1946இல் சோவியத் அதிகாரிகள் சுட்டுக் கொன்றனர். அந்த வாரங்களைப் பற்றி நமக்குத் தெரிவதில் பெரும்பகுதி க்னெஃப் தாமே பின்னர் எழுதிய நூலிலிருந்து கிடைப்பது. அது வரலாற்று ஆவணமல்ல, தேர்ந்த கதைசொல்லியின் நினைவுக்குறிப்பு என்பதை மறந்துவிடக் கூடாது. ஆனால் ஒன்றை அவருக்குச் சாதகமாகச் சொல்லலாம். தம் தலைமுறை நடிகர்கள் பலரும் 1945க்கு முந்தைய வாழ்வைப் பற்றி வாயே திறக்காதபோது, அவர் அதை மறைக்கவில்லை.

போர் ஓய்ந்த அந்த ஆண்டின் கடைசியிலேயே பெர்லினின் ஷ்டேக்லிட்ஸ் பகுதியில் போலெஸ்லாவ் பார்லோக் நடத்திய ஷ்லோஸ்பார்க் நாடக அரங்கில் க்னெஃப் மேடையேறினார். நிலக்கரி இல்லை, ரொட்டிக்கு அட்டை, மின்சாரம் வரும்போது வரும். அந்தக் குளிரிலும் அரங்குகள் நிரம்பின. அங்கே நகைச்சுவை நாடகங்களில் நடித்துக்கொண்டிருந்த பெண்ணைத்தான் வொல்ஃப்காங் ஷ்டவுட்ட தம் படத்துக்கு அழைத்தார்.

'கொலைகாரர்கள் நம்மிடையே' என்ற அந்தப் படத்தின் பிறப்பே ஒரு தனிக் கதை. ஷ்டவுட்ட, யூத வெறுப்பைப் பரப்பிய 'யூதன் ஸ்யூஸ்' படத்தில் 1940இல் சிறு வேடத்தில் நடித்தவர். போரில் குற்றம் செய்துவிட்டு அமைதிக் காலத்தில் கௌரவமான முதலாளியாக வலம்வரும் ஒருவனைப் பற்றித் திரைக்கதை எழுதி, தோற்ற ஜெர்மனியைப் பிரித்து ஆண்ட அமெரிக்க, பிரிட்டிஷ், பிரெஞ்சு அதிகாரிகளிடம் காட்டினார். ஜெர்மானியர்கள் இப்போதைக்குப் படமெடுக்க வேண்டாம் என்பதே மேற்கு நாட்டவரின் நிலைப்பாடு. சோவியத் பகுதி மட்டும் சம்மதித்தது, ஒரு நிபந்தனையோடு. மூலக்கதையில் நாயகன் அந்தக் குற்றவாளியைச் சுட்டுக் கொல்கிறான். தனிமனிதர் சட்டத்தைக் கையிலெடுப்பதைத் திரையில் காட்டினால் தெருவிலும் அதுதான் நடக்கும் என்று சோவியத் பண்பாட்டு அதிகாரிகள் அஞ்சினர். முடிவை மாற்றச் சொன்னார்கள். 1946 மே மாதம் அந்தப் பகுதியில் முறையாகத் தொடங்கப்பட்ட டேஃபா படநிறுவனத்தின் முதல் கதைப்படமாக அது உருவாயிற்று.

படத்தின் தொடக்கத்தில் ஒரு ரயில் இடிந்த பெர்லினுக்குள் வருகிறது. கூரைமேலும் பெட்டிகளின் இடுக்குகளிலும் மனிதர்கள் தொங்குகிறார்கள். அந்தக் கூட்டத்திலிருந்து வதைமுகாமிலிருந்து மீண்ட சுசான்ன வால்னர் என்ற பெண் இறங்குகிறாள். தன் பழைய வீட்டுக்குப் போனால் அங்கே போரிலிருந்து திரும்பிய மருத்துவர் மெர்ட்டன்ஸ் குடியிருக்கிறார், குடித்தே நாளைக் கழிக்கிறார். இருவரும் ஒரே வீட்டில் ஒண்டுகிறார்கள். ஜன்னல்களில் கண்ணாடி இல்லை. மெர்ட்டன்ஸ் தம்மிடமிருந்த பழைய எக்ஸ்ரே படலங்களைக் கண்ணாடிக்குப் பதிலாகப் பொருத்துகிறார்; வெளியே பார்க்க வேண்டுமானால் யாரோ ஒருவருடைய விலா எலும்புகளின் ஊடாகத்தான் பார்க்க வேண்டும். மெர்ட்டன்ஸின் முன்னாள் தலைமை அதிகாரி ப்ரூக்னர் இப்போது ஒரு தொழிற்சாலை நடத்துகிறார். ராணுவத் தலைக்கவசங்களைச் சமையல் பாத்திரங்களாக மாற்றுகிறார். 1942 கிறிஸ்துமஸ் அன்று போலந்துக் கிராமம் ஒன்றில் 36 ஆண்களையும் 54 பெண்களையும் 31 குழந்தைகளையும் சுட்டுக்கொல்ல உத்தரவிட்டவர் அவர். மூன்று ஆண்டு கழித்து அதே நாளில் அவரைக் கொல்ல மெர்ட்டன்ஸ் கிளம்புகிறார். சுசான்ன ஓடிவந்து தடுக்கிறாள். தீர்ப்பு வழங்குவது நம் வேலையல்ல, குற்றம்சாட்டுவதுதான் நம் கடமை என்பதாகப் படம் முடிகிறது.

1946 அக்டோபர் 15 அன்று பெர்லினில், சோவியத் பகுதியிலிருந்த அட்மிரால்ஸ்பாலாஸ்ட் அரங்கில் முதல் காட்சி நடந்தது. அந்த வேளையில் நாயகன் வேடமிட்ட எர்ன்ஸ்ட் வில்ஹெல்ம் போர்ஷர்ட் கைதாகியிருந்தார். நாஜிக் கட்சியில் இருந்ததை விசாரணைப் படிவத்தில் மறைத்ததே காரணம். கடந்த காலத்தை மறைத்தவனைத் தேடும் படத்தின் நாயகனே தன் கடந்த காலத்தை மறைத்திருந்தார்! விளம்பரங்களில் அவர் பெயர் இல்லாமல் போக, க்னெஃபின் முகமே படத்தின் முகவரியாயிற்று.

அந்த முகத்தைப் பற்றி ஒரு குறை அன்றிலிருந்து இன்றுவரை சொல்லப்படுகிறது, அது நியாயமானதும்கூட. வதைமுகாமிலிருந்து வந்தவள் என்ற சுவடே சுசான்னவிடம் இல்லை. கோட்டு நேர்த்தியாக இருக்கிறது, முடி பளபளக்கிறது, ஒளிப்பதிவாளர்கள் ஊஃபாவில் கற்ற வித்தையெல்லாம் அவள் முகத்தில் மென்மையான ஒளியாக விழுகிறது. வந்த மறுநாளே வீட்டைப் பெருக்கத் தொடங்குகிறாள். முகாமில் அவள் பட்டது என்ன என்று படம் கேட்பதே இல்லை. துப்பாக்கி ஏந்திய ஆணின் மனவேதனைதான் படத்தின் விஷயம். பாதிக்கப்பட்டவள், பாதிப்பில் பங்கிருந்தவனைத் தேற்றுகிறாள். போருக்குப் பிந்தைய ஜெர்மன் சமூகம் தனக்குள் விரும்பிய ஏற்பாடு இதுவே என்று தோன்றுகிறது. இருபது வயது நடிகை அதைத் தீர்மானிக்கவில்லை. ஆனால் அவருடைய ஆரோக்கியமான, களங்கமற்ற தோற்றம் அந்த ஏற்பாட்டுக்கு மிகவும் வசதியாக அமைந்துவிட்டது.

அதன்பின் வாய்ப்புகள் வரிசையாக வந்தன. 1947இல் மியூனிக்கில் ஹரால்ட் பிரவுன் இயக்கிய 'நேற்றுக்கும் நாளைக்கும் இடையே' படத்தில் இடிபாடுகளுக்கு நடுவே வாழும் கட் என்ற பெண்ணாக நடித்தார். 1948இல் வந்த 'தலைப்பில்லாத படம்' அவருடைய ஆரம்பகாலப் படங்களில் தனித்து நிற்பது. காய்ட்னர் எழுதுவதில் பங்கேற்று, ருடோல்ஃப் யூகர்ட் இயக்கியது. ஒரு இயக்குநரும் கதாசிரியரும் நடிகரும் உட்கார்ந்து, இன்றைய ஜெர்மனியில் எப்படிப்பட்ட நகைச்சுவைப் படம் எடுக்கலாம் என்று விவாதிக்கிறார்கள். பழைய ஊஃபா நட்சத்திரம் வில்லி ஃப்ரிட்ஷ் தம்மையே நடிக்கிறார். அவர்கள் பேச்சுக்குள் ஒரு கதை விரிகிறது: பெர்லினில் கலைப்பொருள் வணிகர் வீட்டில் வேலைக்காரியாக இருந்த கிராமத்துப் பெண் கிறிஸ்டீன. போருக்குப் பின் எல்லாம் இழந்த அந்த வணிகர் அவளுடைய கிராமத்துக்கே அகதியாக வந்து சேர்கிறார். தராசு தலைகீழாகிறது, இப்போது பெண்ணின் பெற்றோர்தான் மாப்பிள்ளைக்குச் சொத்தில்லை என்று தயங்குகிறார்கள். இடையிடையே படம் இருவிதமான கற்பனை முடிவுகளைப் போட்டுக் காட்டிக் கேலி செய்கிறது, ஒன்று இருண்ட சோகம், மற்றொன்று பழைய ஊஃபா பகட்டு. கிறிஸ்டீனாக நடித்த க்னெஃபுக்கு அந்த ஆண்டு லோகார்னோ திரைப்பட விழாவில் சிறந்த நடிகை விருது கிடைத்தது. நகைச்சுவையை அடக்கிவாசிக்கும் அந்தத் திறனை அடுத்து வந்த இயக்குநர்கள் பயன்படுத்தியிருந்தால் அவர் திரைவாழ்வு வேறு திசையில் போயிருக்கும். 1948 ஆகஸ்ட் 1 அன்று ஹென்ரி நானன் தொடங்கிய 'ஷ்டெர்ன்' வார இதழின் முதல் அட்டையில் இடம்பெற்றதும் க்னெஃபின் படம்தான்.

இதற்குள் அவர் அமெரிக்க ராணுவத்தில் பணியாற்றிய குர்ட் ஹிர்ஷை மணந்துகொண்டு ஹாலிவுட் கிளம்பியிருந்தார். தயாரிப்பாளர் டேவிட் செல்ஸ்னிக் ஒப்பந்தம் போட்டிருந்தார். இங்க்ரிட் பெர்க்மனை ஸ்வீடனிலிருந்து கொண்டுவந்து உலக நட்சத்திரமாக்கியவர் அவர். ஆனால் செல்ஸ்னிக்கின் நிறுவனம் அப்போது கடன்சுமையில் தள்ளாடிக்கொண்டிருந்தது. அதைவிடப் பெரிய இடைஞ்சல், போர் முடிந்து மூன்றே ஆண்டுகளில் ஒரு ஜெர்மன் பெண்ணை அமெரிக்க ரசிகர்களிடம் எப்படி விற்பது என்பது. பெயரைக் கில்டா கிறிஸ்டியன் என்று மாற்றிக்கொண்டு ஆஸ்திரியாவைச் சேர்ந்தவள் என்று சொல்லிக்கொள்ளும்படி கேட்டார்கள்; மறுத்துவிட்டதாக க்னெஃப் பின்னாளில் கூறினார். ஆங்கிலம் கற்றார், காத்திருந்தார், சம்பளம் வந்தது, படம் மட்டும் வரவில்லை. ஒரு காட்சிகூட நடிக்காமலே ஜெர்மனி திரும்பினார்.

திரும்பி வந்ததும் ஏற்ற வேடம்தான் அவர் வாழ்க்கையைப் புரட்டிப்போட்டது. 'பாவி' என்று பொருள்படும் 'டீ ஸ்யூண்டரின்', வியன்னாவின் புகழ்பெற்ற இயக்குநர் வில்லி ஃபோர்ஸ்டின் போருக்குப் பிந்தைய மீள்வரவு. 1951 ஜனவரி 18 அன்று ஃப்ராங்ஃபர்ட்டில் வெளியானது. மரீனா என்ற விலைமாது, மூளைக்கட்டியால் பார்வை இழந்துவரும் ஓவியர் அலெக்ஸாண்டர் மீது காதல் கொள்கிறாள். அவருக்காகத் தொழிலை விடுகிறாள். அறுவைச் சிகிச்சைக்குப் பணம் வேண்டி மறுபடியும் அதற்கே போகத் துணிகிறாள். நோய் திரும்பும்போது அவர் வேண்டியபடி நஞ்சு கொடுத்துவிட்டுத் தானும் குடிக்கிறாள். ஓவியராக நடித்தவர், ஃப்ரிட்ஸ் லாங்கின் 'மெட்ரோபோலிஸ்' நாயகன் குஸ்டாஃப் ஃப்ரோலிஷ். மரீனா ஓவியருக்கு மாதிரியாகத் தோன்றும் ஒரு காட்சியில் ஆடையின்றி, தொலைவில், சில நொடிகள் தெரிகிறாள்.

அந்தச் சில நொடிகளுக்காகவே ரகளை நடந்ததாக இன்று பரவலாக எழுதப்படுகிறது. இது பாதி உண்மை. மேற்கு ஜெர்மனியின் படத்துறைத் தன்னாட்சித் தணிக்கைக் குழுவிலும் தேவாலயங்களின் அறிக்கைகளிலும் முதன்மையாக எழுந்த எதிர்ப்பு வேறு. விலைமாதின் தொழிலை இயல்பான வழியாகக் காட்டுகிறது, வேண்டுகோளின் பேரில் கொல்வதையும் தற்கொலையையும் நியாயப்படுத்துகிறது என்பவையே அந்தக் குற்றச்சாட்டுகள். நோயாளிகளைக் 'கருணைக்கொலை' என்ற பெயரில் ஆயிரக்கணக்கில் கொன்ற ஆட்சி முடிந்து ஆறு ஆண்டுகூட ஆகாத நாடு அது. 1941இல் நாஜி ஆட்சி அந்தக் கொலைத் திட்டத்துக்கு ஆதரவு தேட எடுத்த 'நான் குற்றம்சாட்டுகிறேன்' என்ற படத்திலும் நோயுற்ற மனைவிக்குக் கணவன் நஞ்சு கொடுக்கிறான். அந்த நினைவில் எழும் கூச்சத்தை வெறும் ஒழுக்கவாதம் என்று ஒதுக்க முடியாது. ஆனால் தெருவுக்கு வந்தபோது வாதம் சுருங்கிவிட்டது. மிஞ்சியது நிர்வாணமும் நடிகையின் பெயரும்தான்.

தணிக்கைக் குழுவின் முதல் அமர்வு படத்தை மறுத்தது. மேல்முறையீட்டில் அனுமதி கிடைத்தது. தேவாலயப் பிரதிநிதிகள் குழுவிலிருந்து வெளியேறினர். கொலோன் பேராயர் கர்தினால் யோசஃப் ஃப்ரிங்ஸ், படத்தைப் புறக்கணிக்கும்படி கத்தோலிக்கர்களுக்குச் சுற்றுமடல் விடுத்தார். பல ஊர்களில் திரையரங்குகளுக்குள் நாற்றக்குண்டுகள் வீசப்பட்டன, வாசலில் ஊர்வலங்களும் எதிர் ஊர்வலங்களும் மோதின. சில நகராட்சிகளும் காவல்துறையும் தடை விதித்தன. விளைவு எதிர்பார்த்ததுதான்: ஏறத்தாழ எழுபது லட்சம் பேர் படத்தைப் பார்த்தார்கள். தடை வழக்கு மேலே மேலே போய், 1954 டிசம்பரில் கூட்டாட்சி நிர்வாக நீதிமன்றம் தீர்ப்பளித்தது. திரைப்படமும் கலையே, கலைச் சுதந்திரத்துக்கு அரசியல் சட்டத்தின் ஐந்தாம் பிரிவு தரும் பாதுகாப்பு அதற்கும் உண்டு, உள்ளூர்க் காவல்துறை ஒழுங்கைக் காரணம் காட்டி அதைத் தடுக்க முடியாது என்றது அது. ஜெர்மன் சட்ட மாணவர்கள் இன்றும் 'பாவித் தீர்ப்பு' என்ற பெயரில் அதைப் படிக்கிறார்கள். கொலைமுகாம்களுக்குப் பிறகு மௌனம் காத்த ஒரு நாடு, ஒரு பெண்ணின் உடலைப் பார்த்து இத்தனை அலறியதே என்று க்னெஃப் பின்னர் பலமுறை கசப்போடு கேட்டதுண்டு.

இத்தனை கூச்சலுக்கும் நடுவே கவனிக்கப்படாத ஒன்று உண்டு. 'பாவி' படத்தில் உரையாடல் மிகக் குறைவு. மரீனா தன் கதையைத் தானே பின்னணியில் சொல்லிக்கொண்டு போகிறாள். படத்தின் பெரும்பகுதியைத் தாங்குவது க்னெஃபின் குரல். இறந்துகிடக்கும் காதலனிடம் பேசுவதுபோல, ஏற்ற இறக்கம் அதிகமில்லாமல், களைப்பும் அமைதியுமாக அந்தக் குரல் காட்சிகளுக்கு முன்னும் பின்னும் ஓடுகிறது. மிகையுணர்ச்சியில் வழியும் திரைக்கதையை விழாமல் பிடித்திருப்பது அந்த அடக்கம்தான். வசனங்கள் எழுத்தில் இருந்ததைவிடப் புத்திசாலித்தனமாக அவர் வாயில் ஒலிக்கின்றன. அன்றைய விமரிசனங்களில் அவர் உடலைப் பற்றி எழுதப்பட்டதில் பத்தில் ஒரு பங்குகூடக் குரலைப் பற்றி இல்லை.

அதே காலகட்டத்தில் ட்வென்டியத் செஞ்சுரி ஃபாக்ஸ் நிறுவனம் 'விடியலுக்கு முன் முடிவு' என்ற போர்ப்படத்தை ஜெர்மன் நகரங்களிலேயே படமாக்கியது. இயக்கம் அனடோல் லிட்வாக். அமெரிக்கர்களுக்கு உளவு பார்க்கச் சம்மதிக்கும் ஜெர்மானியக் கைதியாக ஆஸ்கர் வெர்னர் நடித்தார். அவன் வழியில் சந்திக்கும் போர்க்காலப் பெண்ணாக க்னெஃப். படம் சிறந்த படத்துக்கான ஆஸ்கர் பரிந்துரை பெற்றது. ஃபாக்ஸ் அவரை ஒப்பந்தம் செய்தது. 'க்னெ' என்ற தொடக்கம் அமெரிக்க நாவுக்குப் படியாததால் பெயர்ப்பலகையில் அவர் ஹில்டகார்ட் நெஃப் ஆனார். 1952இல் மட்டும் மூன்று அமெரிக்கப் படங்கள். டைரன் பவருடன் 'தூதரகத் தூதன்', லிண்டா டார்னெல்லுடன் 'உறக்கமில்லா இரவு', ஹெமிங்வேயின் கதையை ஒட்டி ஹென்ரி கிங் இயக்கிய 'கிளிமஞ்சாரோவின் பனி'. கடைசிப் படத்தில் நாயகன் கிரகரி பெக். அவா கார்ட்னரும் சூசன் ஹேவர்டும் முன்வரிசை நாயகிகள். பணமும் பொறாமையும் நிறைந்த சீமாட்டி லிஸ் வேடம் க்னெஃபுக்கு. படச்சுருளில் அவர் பங்கு சிறிது. ஆனால் அதில் அவர் கோல் போர்ட்டரின் பாடல்களைப் பாடுகிறார். பாடுவதும் பேசுவதும் எங்கே பிரிகின்றன என்று தெரியாத ஒரு முறையில்.

ஹாலிவுட்டில் அவரை ஆதரித்தவர்களில் மார்லீன் டீட்ரிஷும் ஒருவர். பத்திரிகைகள் இருவரையும் ஒப்பிட்டுச் சலிக்கவில்லை, ஒப்பீடு மேலோட்டமானது. டீட்ரிஷ் 1930இல் ஜெர்மனியை விட்டுப் போனவர், ஹிட்லருக்கு எதிராகக் களத்தில் நின்றவர். அமெரிக்கா அவரைத் தன் மகளாக ஏற்றுக்கொண்டது. க்னெஃப் போரின் கடைசி நாள்வரை ஜெர்மனியிலேயே இருந்தவர். அவரிடம் அமெரிக்கத் திரை எதிர்பார்த்தது ஒரே ஒரு வேடம்: ஐரோப்பாவின் களைத்த, நம்ப முடியாத, அழகான பெண். ஜெர்மனியிலும் நிலைமை பெரிதாக மாறவில்லை. 1952இல் அவர் நடித்த 'அல்ராவுன', கொலைகாரன் ஒருவனையும் விலைமாது ஒருத்தியையும் கொண்டு விஞ்ஞானி செயற்கை முறையில் உருவாக்கிய பெண்ணைப் பற்றியது. அந்த விஞ்ஞானியாக எரிக் ஃபொன் ஸ்ட்ரோஹைம். தொட்டவரையெல்லாம் அழிக்கும் பெண்! 'பாவி'யின் நிழலை விட்டுத் தயாரிப்பாளர்களால் விலக முடியவில்லை என்பதற்கு வேறு சான்று வேண்டாம்.

பிரிட்டனில் வாய்த்தவை சற்று மேல். கரோல் ரீட் 1953இல் இயக்கிய 'இடைநடுவே ஒருவன்' பிளவுபட்ட பெர்லினில் நடக்கிறது. ஜேம்ஸ் மேசன், கிளேர் புளூம் ஆகியோருடன் க்னெஃபும் நடித்தார். பிரிட்டிஷ் மருத்துவரை மணந்த ஜெர்மன் மனைவி. இறந்துபோனதாக நினைத்த முதல் கணவன் உயிரோடு வந்து மிரட்டுகிறான். ரீடின் 'மூன்றாம் மனிதன்' பெற்ற புகழ் இந்தப் படத்துக்குக் கிட்டவில்லை. ஆனால் ஏழு ஆண்டுகளுக்கு முன் சுசான்ன நடந்த அதே இடிபாடுகளுக்குள் க்னெஃப் நடக்கும்போது, பழைய படத்தில் இல்லாத பயமும் ரகசியமும் அந்த முகத்தில் தெரிகின்றன. நடிப்பு என்ற அளவில் இதுவே அவருடைய ஐம்பதுகளின் சிறந்த வேலை என்று சொல்லலாம்.

திரை தராததை மேடை தந்தது. கிரேட்டா கார்போ நடித்த 'நினோச்கா' படத்தை இசைநாடகமாக்க முடிவு செய்த நியூயார்க் தயாரிப்பாளர்கள், பாரிஸுக்கு வந்து காதலில் விழும் கண்டிப்பான சோவியத் அதிகாரி வேடத்துக்கு க்னெஃபைத் தேர்ந்தார்கள். இசை கோல் போர்ட்டர். 'பட்டுக் காலுறைகள்' 1955 பிப்ரவரி 24 அன்று பிராட்வேயின் இம்பீரியல் அரங்கில் தொடங்கி 478 காட்சிகள் நடந்தது. பயிற்சி பெற்ற பாடகியின் வீச்சு அவரிடம் இல்லை. ஒவ்வொரு இரவும் பெரிய அரங்கை நிறைத்தாக வேண்டிய கட்டாயம், வரிகளைச் சொல்லும் விதத்தில் அவருக்குக் கூர்மை கொடுத்தது. இரண்டு ஆண்டுகளுக்குப் பின் அதைப் படமாக்கியபோது அந்த வேடம் நடனக்காரி சிட் சாரிஸுக்குப் போயிற்று.

1957இல் அவர் மறுபடியும் ஜெர்மனிக்கு வந்தபோது அங்கே சினிமா மாறியிருந்தது. 1956இல் மேற்கு ஜெர்மனியில் 80 கோடிக்கும் அதிகமான நுழைவுச்சீட்டுகள் விற்றன. அதற்குமுன்னும் பின்னும் அந்த எண்ணிக்கையை அந்நாடு தொடவில்லை. மலைச்சாரல் கிராமங்களும் வேட்டைக்காரர்களும் திருமணங்களும் நிறைந்த படங்களே ஓடின. ரோமி ஷ்னைடரின் இளவரசி சிஸ்ஸியும் மரியா ஷெல்லின் கண்ணீரும் ரசிகர்களின் உள்ளத்தில் இருந்தன. இடிபாட்டின் நாயகியைப் பார்த்தால் எல்லோரும் மறக்க விரும்பிய ஒன்று நினைவுக்கு வந்துவிடும். ஷ்டவுட்டயுடன் மறுபடியும் சேர்ந்து செய்த 'மட்லேனும் அந்நியப் படைவீரனும்' எடுபடவில்லை. பிரெஞ்சு, இத்தாலியப் படங்கள் சில வந்தன. இவற்றில் பெரும்பாலானவற்றை இன்று பார்ப்பவர் குறைவு. 1963இல் ஷ்டவுட்ட எடுத்த 'மூன்று காசு இசைநாடகம்' படத்தில் ஜெனியாகவும், அதே ஆண்டு கிளாட் ஷப்ரோலின் 'லாண்ட்ரு'வில் கொலைகாரனிடம் சிக்கும் பெண்களில் ஒருத்தியாகவும் நடித்தது குறிப்பிடத்தக்கது.

அந்த ஆண்டுகளில்தான் பாடகி க்னெஃப் உருவானார். இசைத்தட்டுகள் வந்தன, அறுபதுகளின் நடுவிலிருந்து வரிகளையும் தாமே எழுதத் தொடங்கினார். அவருடைய வரிகளில் பெர்லினின் வாய்த்துடுக்கு உண்டு. சோகத்தைச் சொல்லும் இடத்தில் ஒரு கிண்டல் வந்து விழும். காதலைச் சொன்ன கையோடு வீட்டு வாடகையைப் பற்றிப் பேசுவது போன்ற தொனி. 1968இல் ஹான்ஸ் ஹாமர்ஷ்மிட்டின் இசையில் வந்த 'எனக்காகச் சிவப்பு ரோஜாக்கள் பொழியட்டும்' அவருடைய அடையாளப் பாட்டானது. எல்லா ஆசைகளும் நிறைவேற வேண்டும் என்று அடம்பிடித்த பதினாறு வயதுப் பெண்ணை, வாழ்ந்து பார்த்தவள் திரும்பிப் பார்க்கும் பாட்டு. குரலே இல்லாத மிகச்சிறந்த பாடகி என்று எல்லா ஃபிட்ஸ்ஜெரால்ட் அவரைப் பாராட்டியதாக ஒரு செய்தி வெகுகாலமாக உலவுகிறது. யார் சொன்னதானாலும் பாராட்டு பொருத்தமானதே. சுரவீச்சு குறைவு, மூச்சு குட்டை. ஆனால் ஒரு சொல்லை எங்கே இறக்கிவைப்பது என்பதில் அவர் தவறியதில்லை. படங்களில் பிறர் எழுதிய பெண்களாக இருந்தவர், பாட்டில் முதன்முறையாகத் தாம் எழுதிய பெண்ணாகப் பேசினார்.

1970இல் வெளியான 'பரிசாக வந்த குதிரை' அந்தக் குரலின் உரைநடை வடிவம் எனலாம். குழந்தைப் பருவம், குண்டுவீச்சு, பெர்லின் போர், ஹாலிவுட், 'பாவி' ரகளை எல்லாவற்றையும் உடைந்த வாக்கியங்களிலும் வேகமான உரையாடல்களிலும் சொல்லும் நூல். ஜெர்மனியில் பெருவிற்பனை கண்டு பல மொழிகளுக்குப் போனது. ஆங்கிலத்தில் பெயர்த்தவர் அப்போதைய கணவரும் நடிகருமான டேவிட் கேமரன். ஐந்தாண்டு கழித்து வந்த 'தீர்ப்பு' மார்பகப் புற்றுநோயுடனான போராட்டத்தைப் பற்றியது. பிரபலமான பெண்ணொருத்தி தன் உடலையும் மருத்துவர்களின் அலட்சியத்தையும் பற்றி இவ்வளவு வெளிப்படையாக எழுதுவது அன்று அரிது.

திரையில் அவருடைய பிற்காலத்துக்கு இரண்டு படங்கள் போதும். 1976இல் ஆல்ஃப்ரெட் ஃபோரர், ஹான்ஸ் ஃபல்லாடாவின் நாவலை ஒட்டி 'ஒவ்வொருவரும் தனியாகவே சாகிறார்கள்' எடுத்தார். போரில் மகனை இழந்து, ஹிட்லருக்கு எதிராக அஞ்சலட்டைகள் எழுதி பெர்லின் கட்டடங்களின் மாடிப்படிகளில் போட்டுவிட்டு வரும் தொழிலாளித் தம்பதியரின் கதை. க்னெஃப் மனைவி அன்னா. கணவன், 'பாலங்களின் கீழே' படகோட்டிகளில் ஒருவராக நடித்த கார்ல் ராடாட்ஸ். ஒப்பனையில்லாத, பருத்துத் தளர்ந்த அந்த முகத்துக்குக் கார்லோவி வாரி விழாவில் சிறந்த நடிகை விருது கிடைத்தது. சுசான்ன வேடத்தில் தவறவிட்ட எல்லாமே இந்த அன்னாவிடம் இருந்தது.

இரண்டாவது, பில்லி வைல்டரின் 'ஃபெடோரா' (1978). முதுமை தீண்டாத ஒரு நட்சத்திரத்தின் மர்மத்தைப் பற்றிய அந்தப் படத்தில் க்னெஃப், முகத்திரை அணிந்து சக்கர நாற்காலியில் அமர்ந்திருக்கும் சீமாட்டி. இளைய நடிகை மார்த்த கெல்லர் நட்சத்திரம். கதையின் முடிச்சு அவிழும்போது உண்மையான ஃபெடோரா அந்தச் சீமாட்டிதான், மற்றவள் தாயின் இடத்தில் நடிக்க வைக்கப்பட்ட மகள் என்று தெரிகிறது. இருவரின் குரலும் ஒன்றாக ஒலிக்க வேண்டும். படம் முடிந்த நிலையில், இருவர் பேச்சும் தெளிவாக இல்லை, ஒத்தும் போகவில்லை என்று கண்ட வைல்டர், ஆங்கிலப் பதிப்பில் இருவருக்கும் வேறொரு நடிகையை, இங்கா புன்ஷை, பின்னணி பேசவைத்தார். ஜெர்மன் பதிப்பில் மட்டும் இரண்டு வேடங்களுக்கும் க்னெஃபே குரல் கொடுத்தார். உலகம் பெரும்பாலும் பார்த்தது ஆங்கிலப் பதிப்பைத்தான்.

அதன்பின் பெரிய திரைவேடம் எதுவும் அமையவில்லை. எண்பதுகளின் தொடக்கத்தில் அமெரிக்காவுக்குப் போனவர், 1987இல் பெர்லினின் மேற்குப் பகுதி அரங்கில் 'காபரே' இசைநாடகத்தில் வீட்டுக்காரி ஷ்னைடராக மேடையேறினார். 1989இல் நிரந்தரமாகவே பெர்லின் திரும்பினார். பிற்காலத்தில் நுரையீரல் நோய் மூச்சைக் குறுக்கிவிட்டபோதும் தொலைக்காட்சிப் பேட்டிகளில் அவர் பேச்சின் கூர்மை குறையவில்லை. உடல் ஸேலன்டோர்ஃப் வனக் கல்லறைத் தோட்டத்தில் அடக்கம் செய்யப்பட்டது. 2009இல் அவர் இளமையையும் திரைவாழ்வையும் வைத்து 'ஹில்ட' என்ற படம் வந்தது. ஹைக்க மகாட்ஷ் அவராக நடித்ததோடு, அவருடைய பாடல்களையும் தம் குரலிலேயே பாடினார்.